இரண்டாம் பூச்சு

சனிக்கிழமை காலை என் மகள் வாய் திறந்து ஒரு சாப்பாட்டின் பெயரைச் சொன்னாள். அதைக் கேட்டு என் மனைவி குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, குழாயைத் திறந்துவிட்டு அழுதாள். வெளியே வந்து, முகம் கழுவினேன் என்றாள். சில மாதங்களாக எங்கள் வீட்டு நடைமுறை இதுதான். மகள் சாப்பிடாவிட்டாலும் அழுகை, சாப்பிடுகிறேன் என்றாலும் அழுகை. தண்ணீர்த் தொட்டிதான் அடிக்கடி காலியாகிறது.

நான் அழுகிற ஆள் இல்லை, கத்துகிற ஆள். கத்தினால் நோய் இன்னும் இறுகும் என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். அதனால் வேலைக்குப் போகிற இடத்தில் சுவரோடு கத்திவிட்டு வீட்டுக்கு வருகிறேன். நான் சுவர்க்காரன். பெயின்ட் கான்ட்ராக்டர் என்று போர்டில் போட்டிருக்கிறேன். பட்டி பார்ப்பது, பூசுவது, அடிப்பது எல்லாம் உண்டு. எங்கள் மகள் பள்ளிக்கூடத்தின் கடைசி வருஷத்தில் இருக்கிறாள். அதாவது, இருந்தாள். இப்போது அவளுக்குச் சாப்பாட்டைக் கண்டால் பயம். கரப்பான்பூச்சியைக் கண்டால் வருகிற பயம் இல்லை. ஓடிப்போய் எட்ட நின்றுகொள்ளலாம் என்கிற பயமாக இருந்தால் நானே துணைக்கு நின்றிருப்பேன். இது உள்ளே உட்கார்ந்துகொண்டு, நீ ஒரு வாய் வைத்தால் ஊதிவிடுவாய் என்று ஓயாமல் சொல்லிக்கொண்டே இருக்கிற பயம்.

முதலில் இனிப்பை விட்டாள். அடடா, என்ன கட்டுப்பாடு என்று மெச்சிக்கொண்டோம். பிறகு எண்ணெயை விட்டாள். பிறகு மத்தியானச் சாப்பாட்டை. நாங்கள் மெச்சி முடிப்பதற்குள் மாடிப்படி ஏறினால் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நிற்கிற நிலைமைக்கு வந்துவிட்டாள்.

திங்கட்கிழமை கிளினிக்கில் எடை பார்க்கும் நாள். போன முறையே டாக்டரம்மா பேனாவை மூடி வைத்துவிட்டுச் சொன்னார். "அடுத்த தடவை இன்னும் இறங்கியிருந்தா வீட்டுல வெச்சுப் பாக்க முடியாது. வார்டுல சேத்துடணும். மூக்கு வழியா ட்யூப் போட்டு உணவு குடுக்கிற மாதிரி வரும். மனசைத் தயார் பண்ணிக்கோங்க." தயார் பண்ணிக்கொள்வதற்கு மனசு என்ன பிளாஸ்கா, வெந்நீர் ஊற்றி வைக்க? மகள் அன்று காரில் திரும்பி வரும்போது அம்மாவின் கையை இறுகப் பிடித்துக்கொண்டு, "வார்டு வேணாம்மா" என்று ஒரே ஒரு முறை சொன்னாள்.

அப்படிப்பட்டவள்தான் சனிக்கிழமை காலை ஜன்னலைப் பார்த்தபடி, யாருக்கோ சொல்வது போலச் சொன்னாள். "அந்த நீச்சல் குளத்துக்குப் பக்கத்துக் கடையில ஒரு சாண்ட்விச் குடுப்பாங்கல்ல. அது இருந்தா சாப்பிடலாம் போல இருக்கு."

அந்தக் கடை எனக்குத் தெரியும். முன்பக்கம் முழுக்கக் கண்ணாடி, அதனால் எங்களுக்கு அது கண்ணாடிக் கடை. அவள் சின்னவளாக இருந்தபோது நீச்சல் வகுப்பு முடிந்ததும் ஈரத் தலையோடு நேராக அங்கேதான் ஓடுவாள். பன்றி இறைச்சி ஹாமும் சீஸும் வைத்து, மேலே வெள்ளை சாஸ் ஊற்றி, அந்த சாஸ் ஆங்காங்கே பழுப்பாகக் கருகும்வரை சுட்டுத் தருவார்கள். அவளுடையதை முடித்துவிட்டு என் தட்டில் பாதியை உரிமையோடு பிய்த்துக்கொள்வாள். நான் பொய்க்கோபத்தோடு தட்டை மறைப்பேன். அப்போது என் வருத்தமெல்லாம் எனக்குப் பாதிதான் கிடைக்கிறதே என்பதுதான்.

கடை இப்போது இல்லை. போன் உறை விற்கிற கடை வந்துவிட்டது. அதன் சுவரை அடித்துக் கொடுத்ததும் நான்தான். மெனு எழுதியிருந்த கறுப்புச் சுவரின் மேல் வெள்ளை ஏறுவதற்குள் எனக்கு மூச்சுத் திணறிவிட்டது. அன்றைக்கு எனக்கு வேறொன்றும் தோன்றவில்லை. கறுப்பின் மேல் வெள்ளை அடிப்பது எவ்வளவு பெரிய தலைவலி என்று மட்டும்தான் தோன்றியது.

"கடைதான் போச்சு, கை இருக்குல்ல?" என்றாள் மனைவி. "நாமளே பண்ணலாம். நாளைக்கு மத்தியானம். மூணு பேரும் உக்காந்து சாப்பிடலாம்." குழாய்த் தண்ணீர் இன்னும் அவள் காதோரத்தில் சொட்டிக்கொண்டிருந்தது.

மத்தியானம் போல என் அக்கா போன் செய்தாள். ஞாயிற்றுக்கிழமை வருகிறேன், பிள்ளையைப் பார்த்து நாளாகிவிட்டது என்றாள். நான் பதறிப்போனேன். அக்காவுக்கு மனசு தங்கம், வாய் மட்டும் சொன்ன பேச்சுக் கேட்காது.

"அக்கா, வர்றதுன்னா வா. ஆனா அவ உடம்பைப் பத்தி ஒரு வார்த்தை பேசக் கூடாது."

"இளைச்சுட்டியேன்னு கேக்க மாட்டேன்டா. எனக்குத் தெரியாதா?"

"அது மட்டும் இல்ல. நல்லா இருக்கன்னும் சொல்லக் கூடாது. தேறிட்ட, சதை போட்டிருக்க, பூசினாப்ல இருக்க, ஒண்ணும் கூடாது."

"பூசினாப்ல இருக்கன்னா நல்ல வார்த்தைதானேடா! கல்யாணப் பொண்ணைப் பாத்து அப்படித்தானே சொல்வோம்?"

"அதுதான்க்கா இருக்கறதுலயே மோசம். நாம நல்லா இருக்கன்னு சொன்னா, அவ காதுல குண்டாயிட்டன்னு விழும். அதோட அந்த நாள் சாப்பாடு போச்சு."

அக்கா நிஜமான குழப்பத்தோடு கேட்டாள். "அப்ப என்னதான்டா பேசறது? வானிலையா?"

கேள்வி நியாயம்தான். எங்கள் ஆட்களுக்கு அன்பு வருகிற வழியே உடம்புதான். வாசலில் செருப்பைக் கழற்றுவதற்குள் என்ன இப்படி இளைச்சுட்ட, என்ன இப்படிக் கறுத்துட்ட, இப்பத்தான் முகத்தில் கொஞ்சம் தெளிச்சி வந்திருக்கு என்று ஆரம்பித்துவிடுவோம். அதை எடுத்துவிட்டால் வாயில் வேறு சரக்கு இல்லை. நாங்கள் மூன்று பேரும் சாப்பாட்டு மேஜையில் மாதக்கணக்கில் வானிலைதான் பேசுகிறோம். மேகத்தைப் பற்றி எனக்கும் என் மனைவிக்கும் இப்போது தெரிகிற அளவு ரேடியோக்காரனுக்குத் தெரியாது.

கடைசியில் அக்காவை வர வேண்டாம் என்றே சொல்லிவிட்டேன். "நான் என்னடா விஷமா வெக்கப் போறேன்?" என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டாள். கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனாலும் அக்கா வந்து அந்த வார்த்தையைச் சொல்லி எல்லாவற்றையும் கெடுப்பதைவிட இது தேவலை என்று நினைத்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே கடைத்தெருவுக்குப் போனோம். ஹாமை முன்னாடியே வெட்டி அடைத்து வைத்த பாக்கெட்டில் வாங்கக் கூடாது என்று மனைவி தீர்மானமாக இருந்தாள். இறைச்சிக் கடை அம்மாளை முழுத் துண்டிலிருந்து மெல்லிசாகச் சீவித் தரச் சொன்னாள். "இன்னும் மெல்லிசா, இன்னும் மெல்லிசா" என்று அவள் சொல்லச் சொல்ல, கடை அம்மாள் ஒரு துண்டைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து, "அந்தப் பக்கம் உங்க வீட்டுக்காரர் தெரியறாரு, போதுமா?" என்று கேட்டாள். என் மனைவி சிரித்தாள். வாய்விட்டுச் சிரித்தாள். சீஸையும் துருவினதாக வாங்காமல் கட்டியாக வாங்கினோம். அடிப்பக்கம் கெட்டியாக இருக்கும் பிரெட்டை முழுசாக வாங்கி, தடிமனாக வெட்டிக்கொள்ளலாம் என்று வைத்தோம். திரும்பி வரும் வழியெல்லாம் ஒரு வீட்டு விசேஷத்துக்குப் போகிறவர்கள் மாதிரி நடந்தோம்.

என் மனைவி மருந்துக் கடையில் வேலை பார்க்கிறவள். எதையும் அளந்துதான் அவளுக்குக் கை ஓடும். சமையலறையில் இருந்த தராசை, மகள் ராப்பகலாக அதையே வைத்துக்கொண்டிருந்ததால், அக்கம்பக்கத்தில் கொடுத்துவிட்டோம். ஹாலில் இருந்த ஆளுயரக் கண்ணாடியையும் கழற்றிவிட்டேன். கண்ணாடி இருந்த இடத்தில் சுவர் மட்டும் நீள்சதுரமாகப் புதுசாகத் தெரிகிறது. ஊர்ச் சுவரெல்லாம் அடிக்கிறவன் வீட்டில் அப்படி ஒரு திட்டு. அடிக்க வேண்டும் என்று தூரிகையை எடுப்பேன், வைத்துவிடுவேன். அதை அடித்துவிட்டால் கண்ணாடி திரும்பி வரவே வராது என்று ஒரு எண்ணம்.

தராசு இல்லாமல் வெள்ளை சாஸ் மனைவிக்குக் கைகொடுக்கவில்லை. வெண்ணெயை உருக்கி மைதாவைப் போட்டாள். பச்சை வாசனை போவதற்குள் பாலை மொத்தமாக ஊற்றிவிட்டாள். பாத்திரம் முழுக்கக் கட்டி. அவள் கரண்டியைப் போட்டுவிட்டு என்னைப் பார்த்த பார்வையில் திங்கட்கிழமை முழுசாக இருந்தது.

"நகரு," என்றேன். "கட்டி உடைக்கறது என் தொழில்."

புதுசாக ஆரம்பித்தேன். அடுப்பைத் தணித்து, வெண்ணெயில் மாவை வறுத்து, நல்ல பிஸ்கட் வாசனை வந்த பிறகு பாலைக் கொஞ்சம் ஊற்றிக் கிளறினேன், இன்னும் கொஞ்சம் ஊற்றிக் கிளறினேன். பட்டி குழைப்பதும் இப்படித்தான். அவசரப்பட்டுத் தண்ணீரைக் கொட்டினவன் நாளெல்லாம் கட்டியோடு மல்லுக்கட்டுவான். சாஸ் கரண்டியின் முதுகில் படிந்து, விரலால் கோடு போட்டால் கோடு மூடாமல் நின்றது. ஜாதிக்காயை ஒரு தேய்ப்பு தேய்த்தேன். உப்பு போடப் போனேன், மனைவி கையைப் பிடித்தாள். "ஹாம்லயும் சீஸ்லயும் இருக்கு. நீங்க வேற கொட்டாதீங்க." அவள் சொன்னதும் சரிதான்.

பிரெட் துண்டுகளின் உள்பக்கம் கடுகு விழுதை மெல்லிசாகத் தடவினோம். ஹாமை விரித்து வைக்காமல் கசக்கின துணி மாதிரி மடித்து மடித்து வைத்தாள், அப்போதுதான் கடிக்க மெத்தென்று இருக்குமாம். மேலே துருவின சீஸ், அதற்கு மேல் இன்னொரு துண்டு. வெளிப்பக்கம் வெண்ணெய் தடவித் தோசைக்கல்லில் சிறு தீயில் வைத்து, மேலே கனமான வாணலியைக் கவிழ்த்து அழுத்தினோம். மெதுவாகச் சீறுகிற சத்தம் வந்தது. கொஞ்ச நேரத்தில் வீடு முழுக்க அந்தக் கடை வந்து இறங்கிவிட்டது.

அப்போதுதான் சமையலறை வாசலில் இருந்து குரல் கேட்டது.

"அவன் சூடாயிட்டானா?"

திரும்பிப் பார்த்தோம். மகள் போர்வையைத் தோளில் சுற்றிக்கொண்டு நிலையில் சாய்ந்து நின்றாள். அவள் சமையலறைப் பக்கம் எட்டிப் பார்த்தே காலமாகிவிட்டது.

இந்த 'அவன்' எங்கள் வீட்டுப் பழைய வேடிக்கை. ரொட்டி சுடுகிற மின்சார அடுப்பான அவனை அவள் சின்ன வயசில் ஒரு ஆளாகவே நினைத்திருந்தாள். அவன் கோவமா இருக்கான், அவன் தூங்கிட்டான் என்பாள். நாங்களும் அதையே பிடித்துக்கொண்டோம். ஒரு முறை அக்கா வந்திருந்தபோது, மனைவி உள்ளேயிருந்து மகளிடம் "அவனை அணைச்சிட்டியாடி?" என்று கத்த, இவள் மாடியிலிருந்து "அப்பவே அணைச்சிட்டேம்மா!" என்று கத்த, அக்கா தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தவள் புரையேறித் துள்ளி எழுந்துவிட்டாள். குடும்ப மானம் அடுப்புக்குள் இருக்கிறது என்று விளக்குவதற்குள் எங்களுக்கு உயிர் போய்விட்டது.

"ஆயிட்டான் ஆயிட்டான்," என்றேன். "கொஞ்சம் கோவமாத்தான் இருக்கான். நீ வந்து சமாதானம் பண்ணு."

அவள் உதட்டோரம் லேசாக அசைந்தது. "நான் தட்டு எடுத்து வெக்கறேன்," என்று சொல்லி, மூன்று தட்டுகளை எடுத்துக்கொண்டு மேஜைப் பக்கம் போனாள். மூன்று. என் மனைவி என் முழங்கையை நகம் பதியப் பிடித்தாள். பேசினால் கலைந்துவிடும் என்று பயம்.

மொறுமொறுப்பான சாண்ட்விச்சைத் தட்டில் எடுத்து, மேலே சாஸைப் போட்டு, அகலக் கரண்டியால் இழுத்தேன். முதல் பூச்சு எப்போதுமே ஏமாற்றும். பிரெட் உறிஞ்சிக்கொண்டு, அங்கங்கே வற்றி, வெளிறிப்போய் நின்றது. இரண்டாம் பூச்சைக் கொடுத்தேன். மூலைவரைக்கும் சமமாக, விளிம்பில் வழியாமல் இழுத்தேன். நன்றாகத்தான் வந்தது. என் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. இரண்டாம் பூச்சு முடிந்ததும் இரண்டடி பின்னால் தள்ளி நின்று, சுவரை ஒரு மனுஷியாகப் பாவித்து நாலு வார்த்தை பாராட்டிவிட்டுத்தான் தகட்டைக் கீழே வைப்பேன். கூட வேலை செய்கிறவர்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அந்தச் சந்தோஷத்துக்குத்தானே முதுகு ஒடிய நிற்கிறோம்?

அன்றைக்கு எனக்கு இருந்த சந்தோஷத்துக்கு அளவில்லை. கரண்டியோடு பின்னால் தள்ளி நின்றேன். மனைவியிடம் சொன்னேன்.

"பாரேன். முதல்ல எப்படி வத்திப்போய் இருந்தா. இப்பத்தான் நல்லா பூசினாப்ல ஆகி, முகத்துல ஒரு களை வந்திருக்கு."

என் மனைவி என்னைப் பார்க்கவில்லை, என் தோளுக்குப் பின்னால் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மகள் கத்தி எடுக்க வந்திருந்தாள். வாசலில் நின்றாள். போர்வையை முன்னால் இழுத்து, கழுத்துவரை மூடிக்கொண்டாள். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவள் கை போர்வைக்குள் போய்த் தோள் எலும்பைத் தேடிப் பிடித்துப் பார்த்தது.

"உன்னைச் சொல்லலடா," என்றேன். "சாண்ட்விச்சைச் சொன்னேன்."

"சாண்ட்விச்சுக்கு முகம் ஏதுப்பா?"

"நான் சுவத்தைச் சொல்வேன்ல, அந்த மாதிரி. சாஸைப் பூசினேன். பூசினதாலதான்..." நாக்கு அந்த வார்த்தையிலேயே போய்ப் போய் முட்டிக்கொண்டது. விளக்க வேண்டுமானால் அதை மறுபடியும் சொல்ல வேண்டும். சொல்லச் சொல்ல அவள் போர்வை இறுகியது.

"அவருக்கு எப்பவும் இப்படித்தான் பேச்சு, உனக்குத் தெரியாதா? போய் உக்காரு கண்ணு, இதோ ஆயிடுச்சு," என்றாள் மனைவி. அவசர அவசரமாக மேலே சீஸைத் தூவி அவனுக்குள் தள்ளினாள். மகள் போய் உட்கார்ந்தாள். கத்தியை எடுத்துக்கொள்ளவில்லை.

அக்காவை வராதே என்று தடுத்தவன் நான். ஒவ்வொரு சொந்தக்காரர் வாய்க்கும் பூட்டுப் போட்டவன் நான். என் வாய்க்குப் பூட்டுப் போட மறந்துவிட்டேன். அவனுக்கு முன்னால் குந்தி உட்கார்ந்து, கண்ணாடி வழியாக சாஸ் கொப்பளிப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என் மேலேயே எனக்கு ஆத்திரம். கத்த ஒரு சுவர்கூட இல்லை.

வெளியே எடுத்தபோது ஒரு குறை சொல்ல முடியவில்லை. விளிம்பில் சீஸ் வழிந்து வலையாகக் காய்ந்திருந்தது. மேலே பழுப்புப் புள்ளிகள். கத்தியை வைத்ததும் கரகரவென்று சத்தம் போட்டுவிட்டு, உள்ளே மெத்தென்று இறங்கியது. கண்ணாடிக் கடைக்காரர் வந்து பார்த்திருந்தால் கடையை மூடினதற்கு வருத்தப்பட்டிருப்பார்.

மூன்று பேரும் உட்கார்ந்தோம்.

"மேகமா இருக்கு," என்றாள் மனைவி.

"சாயங்காலம் தூறும்," என்றேன்.

மகள் தன் பங்கைப் பாதியாக வெட்டினாள். பாதியை மறுபடி பாதியாக வெட்டினாள். வெட்டிக்கொண்டே போனாள். சீஸ் நூல் நூலாக இழுபட்டு அறுந்தது. பிறகு கத்தியை வைத்துவிட்டு நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"அப்பா. உண்மையைச் சொல்லுங்க. நான் பூசினாப்ல ஆயிட்டேனா?"

இதற்கு என்ன சொல்ல வேண்டும் என்று டாக்டரம்மா சொல்லித் தந்திருக்கிறார். ஆமாம் என்றும் சொல்லக் கூடாது, இல்லை என்றும் சொல்லக் கூடாது. சொன்னேன், கிளிப்பிள்ளை மாதிரி. "அதைப் பத்தி நாம இப்பப் பேச வேணாம்மா. நாளைக்கு டாக்டர்கிட்ட..."

"அப்ப ஆமான்னு அர்த்தம்." தட்டை ஒரு விரலால் தள்ளினாள். கண்களில் தண்ணீர் கட்டிக்கொண்டது. அதில் நடிப்பு துளிகூட இல்லை. என் பெண், மணிக்கட்டில் ரப்பர் வளையல்கூட நிற்காத என் பெண், தன் உடம்பைப் பார்த்து உண்மையாகவே நடுங்கிக்கொண்டிருந்தாள்.

"ஆமான்னு அர்த்தம் இல்லடா."

"இல்லைன்னா இல்லைன்னு சொல்லுங்க."

"சொன்னா சாப்பிடுவியா?"

மனைவி மேஜைக்கு அடியில் என் காலை மிதித்தாள். நான் காலை இழுத்துக்கொண்டேன்.

"சாப்பிடறேன்," என்றாள் மகள்.

தட்டு அவளுக்கு முன்னால் ஆவி பறக்க இருந்தது. விடிந்தால் திங்கட்கிழமை. அவள் மூக்குக்குள் ஒரு குழாய் போவதை நான் மனசுக்குள் எத்தனையோ முறை பார்த்துவிட்டேன்.

"இல்லடா," என்றேன். "எலும்பும் தோலுமாத்தான் இருக்க. ஒரு பிடி சதை கிடையாது. ஈர்க்குச்சி மாதிரி இருக்க."

அவள் முகம் தெளிந்தது. என் கண் முன்னால், இரண்டாம் பூச்சு காய்ந்த சுவர் போல, நெற்றி, கன்னம், உதடு என்று வரிசையாகத் தெளிந்தது. சிரித்தாள். உதட்டோரம் அசைந்ததைச் சொல்லவில்லை, முழுச் சிரிப்பு. ஈரத் தலையோடு என் தட்டில் பாதியைப் பிய்க்கும்போது சிரிக்கிற அதே சிரிப்பு. அந்தச் சிரிப்பைப் பார்ப்பதற்காக நாங்கள் ஏறாத படி இல்லை, கேட்காத டாக்டர் இல்லை. அது ஈர்க்குச்சி என்ற வார்த்தைக்குள் இருந்தது.

சொன்ன வாக்கைக் காப்பாற்றினாள். இருந்த துண்டுகளிலேயே சின்னத் துண்டை எடுத்து, அதன் ஓரத்தை முன்பல்லால் கடித்து, மெதுவாக மென்று விழுங்கினாள்.

"அதே ருசிப்பா," என்றாள். "அப்படியே அந்தக் கடை."

"இன்னும் ஒரு வாய்," என்றாள் மனைவி. அவள் குரல் கிணற்றுக்குள் இருந்து வந்தது.

"போதும்மா. நிஜமா ரொம்ப நல்லா இருக்கு." எழுந்து வந்து என் கழுத்தைக் கட்டிக்கொண்டு, கன்னத்தில் முத்தம் கொடுத்தாள். அவள் முழங்கை என் தோளில் குத்தியது. "தேங்க்ஸ்ப்பா," என்றாள். போர்வையைத் தரையில் இழுத்துக்கொண்டு, என்னவோ முனகிப் பாடியபடி தன் அறைக்குப் போனாள்.

நாங்கள் இரண்டு பேரும் தட்டுகளோடு உட்கார்ந்திருந்தோம். மனைவி என்னைத் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். திட்டியிருந்தால் நானும் கத்தியிருக்கலாம். அவள் என் தட்டை என் பக்கம் நகர்த்தினாள்.

"சாப்பிடுங்க. ஆறிடும்."

சாப்பிட்டேன். ருசியாக இருந்தது. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. சாஸ் சரியாக, உப்பு சரியாக, ஹாம் மெத்தென்று, எல்லாம் சரியாக இருந்தது. என்னுடையதை முடித்தேன். பிறகு அவளுடைய தட்டை இழுத்து, அவள் வெட்டி வைத்த துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துத் தின்றேன். பல் பதிந்த துண்டை மட்டும் தொடவில்லை. மனைவி தன் பங்கைத் தொடாமலே எழுந்து, பரண் மேலிருந்து சின்னப் பையை இறக்கினாள். துண்டு, சீப்பு, பல் தேய்க்கும் பிரஷ், வீட்டில் போடும் செருப்பு என்று எடுத்து வைக்க ஆரம்பித்தாள். வார்டுக்கு என்று அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

அப்போது அறைக்குள்ளிருந்து குரல் வந்தது. பழைய குரல், மாடிப்படியில் தடதடவென்று இறங்கி வருகிற காலத்துக் குரல்.

"அப்பா! அவனை அணைச்சிட்டீங்களா?"

மனைவி கையில் சீப்போடு அப்படியே நின்றாள்.

"பதில் சொல்லுங்க," என்றாள் தணிந்த குரலில். "சிரிச்ச மாதிரி சொல்லுங்க."

எழுந்து போய்க் குமிழைத் திருப்பினேன். உள்ளே சிவப்புக் கம்பி மெதுவாகக் கறுத்தது.

"அப்பவே அணைச்சிட்டேம்மா!" என்று கத்தினேன்.

உள்ளே அவள் சிரிப்பது கேட்டது. மனைவி சீப்பைப் பைக்குள் வைத்துவிட்டு, குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். குழாயில் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டது.